சாவது நன்றிக்கடன் ஆகாது

ஒன் பீஸ் என்ற ஜப்பானியக் கடற்கொள்ளையர் கதையைப் பார்த்தவர்களிடம் எந்த இடத்தில் அழுதீர்கள் என்று கேட்டால் ஆளுக்கொன்று சொல்வார்கள். எனக்கு அந்த சூப் காட்சிதான்.

கடலில் மிதக்கும் உணவகம். சான்ஜி வைத்த சூப்பை மற்ற சமையல்காரர்கள் வாயில் வைக்க முடியவில்லை என்று திட்டுகிறார்கள். முதலாளி ஸெஃப்பும் சேர்ந்துகொள்கிறார். அவன் கோபித்துக்கொண்டு எழுந்து போகிறான். சூப் அருமை என்பது அங்கே எல்லோருக்கும் தெரியும். அவனைக் கதாநாயகன் லூஃபியோடு அனுப்பி வைக்கத்தான் இந்த நாடகம். சொன்னால் போகமாட்டான், கடன்பட்டவன்.

என்ன கடன்? கப்பல் உடைந்து, சிறுவன் சான்ஜியும் கடற்கொள்ளையன் ஸெஃப்பும் ஒரு மொட்டைப் பாறையில் 85 நாள் கிடந்தார்கள். ஸெஃப் சின்ன மூட்டையை அவனிடம் தந்துவிட்டுப் பெரியதைத் தன்னிடம் வைத்துக்கொள்கிறார். பையனுக்கு ஆத்திரம். கடைசியில் பார்த்தால் பெரிய மூட்டை முழுக்கப் பொன்னும் நகையும். சாப்பாடு மொத்தமும் இவனிடம்தான் இருந்திருக்கிறது. மூலக் கதையான மங்காவில், அதாவது காமிக்ஸில், ஸெஃப் தன் காலையே தின்று உயிர் பிழைக்கிறார். அதைப் படமாக்கிய அனிமேயில் இதை மாற்றி, பையனைக் காப்பாற்றும்போது கால் போனதாகக் காட்டினார்கள். சின்னப் பிள்ளைகள் பார்ப்பார்கள் என்று நினைத்திருக்கலாம். ஆனால் மங்காவை உருவாக்கிய எய்ச்சிரோ ஓடா வரைந்ததில் இருக்கிற கனம் அதில் இல்லை. இது சோற்றுக் கணக்கு. அதைச் சோற்றால்தான் எழுத வேண்டும்.

நமக்கு உடனே செஞ்சோற்றுக் கடன் என்ற சொல் ஞாபகம் வரும். உண்ட வீட்டுக்காக உயிரை விடுவது. சான்ஜியும் அதற்குத்தான் தயாராகிறான். எதிரி ஸெஃப்பின் தலையில் துப்பாக்கியை வைத்ததும், திருப்பி அடிக்காமல் நின்று உதை வாங்குகிறான். இந்த உணவகத்துக்காகச் சாகவும் தயார் என்கிறான். லூஃபிக்கு எரிச்சல் வருகிறது. சாவது நன்றிக்கடன் தீர்ப்பது ஆகாது, அதற்காகவா அவர் உன்னைக் காப்பாற்றினார் என்று கேட்கிறான். இத்தனைக்கும் லூஃபியே அங்கே கடனாளி. சேதம் பண்ணியதற்கு ஒரு வருஷம் எடுபிடி வேலை பார்க்க வேண்டும் என்று ஸெஃப் போட்ட தண்டனையில் இருப்பவன்!

இந்தக் கதையில் கடனை எண்ணி எண்ணிக் கேட்கிறவன் யார் என்று பாருங்கள். ஆர்லாங் என்ற கடற்கொள்ளையன். பின்னால் லூஃபியோடு சேரப்போகும் நாமிக்கு அப்போது பத்து வயது. அவளிடம் 10 கோடி பெரி (அந்த உலகத்துப் பணம்) கொண்டுவந்தால், தான் பிடித்து வைத்திருக்கும் அவள் ஊரை விட்டுவிடுகிறேன் என்கிறான். எட்டு வருஷம் திருடி 9 கோடியே 30 லட்சம் சேர்க்கிறாள். பண விஷயத்தில் வாக்குத் தவறாதவன் என்று அவனுக்குப் பெருமை வேறு. அதனால் தான் கை வைக்காமல், கடற்படை அதிகாரி ஒருவனை ஏவி மொத்தத்தையும் பறிமுதல் செய்ய வைக்கிறான். கணக்கு சரியாகத்தான் இருக்கிறது, இல்லையா? (அப்புறம் நாமி லூஃபியின் கூட்டாளி ஸோரோவுக்குக் கடன் கொடுத்து மும்மடங்கு வட்டி போடுவது தனிக்கதை. பாவம் அவன்.)

எனக்கும் ஓர் ஆர்லாங் உண்டு. உறவினர். காலேஜில் ஒரு செமஸ்டர் ஃபீஸ் கட்டினார். பணத்தை எப்போதோ திருப்பிக் கொடுத்தாகிவிட்டது. ஆனாலும் எந்தக் கல்யாணப் பந்தியில் என்னைப் பார்த்தாலும் பக்கத்து இலைக்காரரிடம் ஆரம்பித்துவிடுவார். சிரித்துக்கொண்டே பாயசம் குடிப்பேன். நிஜமாகவே நன்றி இருந்தது. அவர் சொல்லிச் சொல்லியே அது தேய்ந்துபோனது.

ஃப்ரீரன் என்ற இன்னொரு ஜப்பானியக் கதை வேறு ரகம். போர் அனாதையான ஃபெர்னை குடிகாரப் பாதிரியார் ஹைட்டர் எடுத்து வளர்க்கிறார். ஏன்? இறந்துபோன நண்பன் ஹிம்மல் இருந்தால் இதைத்தான் செய்திருப்பான், அவ்வளவுதான். கடன் பட்டது ஹிம்மலிடம், போய்ச் சேர்ந்தது ஃபெர்னிடம். அவளோ, தன்னைக் காப்பாற்றியது சரிதான் என்று அவர் சாவதற்குள் நினைக்க வேண்டும் என்பதற்காகவே மந்திரப் பயிற்சி எடுக்கிறாள்.

சரி, சான்ஜிக்கு வருவோம். பல வருஷத்துக் கதைக்குப் பிறகு பெற்ற தகப்பன் ஜட்ஜ் வருகிறான். மகனைச் சிறையில் அடைத்து வைத்தவன். அவனையும் சான்ஜி சாவிலிருந்து காப்பாற்றுகிறான். ஏன் என்று ஜட்ஜுக்கே புரியவில்லை, கேட்கிறான். காப்பாற்றாமல் விட்டால் என் அப்பா வருத்தப்படுவார் என்கிறான் சான்ஜி.

ஜட்ஜிடம், அவன் முகத்துக்கு நேராக.