2008 மட்டும் பார்த்தால் போதாது

வட்டி இல்லாததால்தான் இஸ்லாமிய வங்கிகள் 2008 உலக நிதி நெருக்கடியில் தப்பின என்று உங்கள் கட்டுரை முடிக்கிறது. பாதி சரி. அமெரிக்க வீட்டுக்கடன்களைப் பொட்டலம் கட்டி விற்ற பத்திரங்களை ஷரியா என்ற இஸ்லாமியச் சட்ட விதிப்படி அவர்கள் வாங்க முடியாது, அதனால் அமெரிக்க முதலீட்டு வங்கி லேமன் பிரதர்ஸ் கவிழ்ந்தபோது முதல் அடி அவர்கள் மேல் விழவில்லை. ஆனால் அடுத்த வருஷத்தை ஏன் விட்டுவிட்டீர்கள்? 2010ல் வந்த ஐஎம்எஃப் (சர்வதேச நாணய நிதியம்) ஆய்வு ஒன்றிலேயே, 2009ல் சில இஸ்லாமிய வங்கிகளின் லாபம் மற்ற வங்கிகளைவிட அதிகமாகச் சரிந்தது என்று இருக்கிறது. இந்த வங்கிகள் ஏதாவது ஒரு நிஜச் சொத்தை அடிப்படையாக வைத்துத்தான் நிதி கொடுக்க வேண்டும் என்றால் வளைகுடாவில் பணம் எங்கே போகும், கட்டடத்துக்குத்தான்! துபாயில் அம்லாக், தம்வீல் என்ற இஸ்லாமிய வீட்டு நிதி நிறுவனங்கள் இரண்டும் 2008 நவம்பரிலேயே புதிதாக வீட்டு நிதி தருவதை நிறுத்திவிட்டன. 2009 டிசம்பரில் துபாய் கட்டுமான நிறுவனமான நக்கீலின் சுகூக்குக்கு (ஷரியா முறைக் கடன்பத்திரம்) பணம் கட்ட அபுதாபி கைகொடுக்க வேண்டியிருந்தது. அதற்கு முன்பே துருக்கியின் இஹ்லாஸ் ஃபினான்ஸ் என்ற வட்டியில்லா நிதி நிறுவனம், 2001ல் உரிமமே பறிபோனது, பணம் போட்டவர்களுக்கு டெபாசிட் காப்பீடும் கிடையாது. இஸ்லாமிய வங்கிகள் லாப நஷ்டத்தில் பங்கு என்று பேசினாலும் நடைமுறையில் பெரும்பாலும் முராபஹாதான், அதாவது பொருளை வாங்கி விலை கூட்டித் தவணைக்கு விற்பது. வேலை போய் ஆள் தவணை கட்டாவிட்டால் எந்த வங்கியாக இருந்தாலும் அது வாராக்கடன்தானே?