க்ரெஸ்கினை விட்டுவிடுங்கள்

பிறர் மனத்தைப் படித்துக் காட்டும் அமெரிக்க மேடைக் கலைஞர் க்ரெஸ்கினைப் பற்றி நேற்று நான் எழுதிய சிறு குறிப்பின் கீழே, அவரும் ஓர் ஏமாற்றுக்காரர்தான் என்று நண்பர்கள் சிலர் களேபரம் செய்துவிட்டார்கள். ‘எல்லா ஏமாற்றுக்காரனும் ஒன்றுதான்’ என்ற ஒற்றை வரிக்கும், அதற்குக் கீழே வரிசைகட்டி விழுந்த சிரிப்புப் பொம்மைகளுக்கும் மட்டும் பதில் சொல்லிவிடுகிறேன். ஒன்றில்லை ஐயா. பிறர் மனத்தில் இருப்பதைச் சொல்லி வியக்கவைக்கும் கலைஞனும், அதையே சொல்லிப் பயமுறுத்திப் பணம் பறிப்பவனும் ஒருக்காலும் ஒன்றில்லை.

1935இல் நியூ ஜெர்சியில் பிறந்த ஜார்ஜ் க்ரெஸ்கி, நம்மில் பலர் முத்து காமிக்ஸில் படித்த அதே மந்திரவாதி மாண்ட்ரேக்கைச் சிறுவயதில் படித்துவிட்டு இந்தப் பித்துப் பிடித்தவர். பிறகு உளவியலில் பட்டம் பெற்றார். க்ரெஸ்கின் என்ற மேடைப் பெயரையே சட்டப்படி தன் பெயராக்கிக்கொண்டார். 1970 முதல் 1975 வரை கனடாவின் ஒட்டாவாவில் தயாரான அவருடைய தொலைக்காட்சித் தொடர் கனடாவிலும் அமெரிக்காவிலும் ஓடியது; அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஜானி கார்சன் நடத்திய இரவு நேர்காணல் நிகழ்ச்சிக்கும் அடிக்கடி வந்தார். தடித்த கண்ணாடி, மூச்சுவிடாத பேச்சு, எதிராளியின் தோள் கழன்றுவிடுமோ என்னும்படியான கைகுலுக்கல், இவைதான் அவர்.

அவருடைய புகழ்பெற்ற ஆட்டம் எது தெரியுமா? அன்றைய சம்பளக் காசோலையைப் பார்வையாளர்கள் அரங்கில் எங்காவது ஒளித்துவைக்க வேண்டும். அதுவரை வெளியே பிறர் காவலில் நின்றிருந்த க்ரெஸ்கின் உள்ளே வந்து, ஒளித்தவரின் துணையோடு வரிசை வரிசையாக நடந்து அதைத் தேடுவார். இடத்தை அறிந்தவரின் தசை, அவரை அறியாமலேயே தயங்கியும் இளகியும் காட்டிக்கொடுக்கும் என்பதே இதன் பழைய சூட்சுமம். கண்டுபிடிக்காவிட்டால் சம்பளம் இல்லை. சில முறை தோற்று, வெறுங்கையோடும் போயிருக்கிறார். தோற்றால் தன் கூலியை விட்டுக்கொடுக்கும் ஏமாற்றுக்காரனை நீங்கள் எங்கே பார்த்தீர்கள்?

‘2002 ஜூன் மாதம் நெவாடா பாலைவனத்தில் பறக்கும் தட்டு தெரியும் என்று கூட்டம் சேர்த்தாரே?’ என்பார்கள். சேர்த்தார், தட்டு வரவில்லை, அது அசட்டுத்தனம்தான், மேலே போவோம். ‘எண்ணங்கள் தனக்கு உண்மையிலேயே எட்டுகின்றன என்பதுபோல் பேசினாரே?’ பேசினார். ஆனால் குறிசொல்பவரோ ஆவிகளோடு பேசுபவரோ அல்ல, தான் ஒரு கேளிக்கைக் கலைஞர் என்று ஆயுள் முழுவதும் சொன்னவரும் அவரே. ஹிப்னாட்டிச மயக்கம் என்று ஒன்று இருப்பதாக நிரூபித்தால் பெருந்தொகை தருகிறேன் என்று, தன்னை வளர்த்த வித்தையையே கேள்வி கேட்டவர். இதையெல்லாம் படிக்காமலேயே தீர்ப்பெழுதும் மேதைகளுக்கு என் வணக்கம்.

இது எனக்கு ஏன் சுடுகிறது என்றும் சொல்லிவிடுகிறேன். என் அத்தையிடம் ஓர் ஆள், மனத்தில் இருக்கும் பெயரைத் துண்டுச்சீட்டில் எழுதி நான்காக மடிக்கச் சொன்னான். சீட்டை வாங்கி நெற்றியில் ஒற்றிக்கொண்டு திருப்பிக் கொடுத்தான். திருப்பிக் கொடுத்தது வேறு சீட்டு. எழுதியது அவன் மடியில் விரிந்துவிட்டது. மனவித்தைக்காரர்கள் மேடைதோறும் கைதட்டல் வாங்கும் அதே கைவேலைதான். ஆனால் அவன், வெளிநாட்டில் இருந்த மாமாவின் பெயரைச் சொல்லிவிட்டு, அவருக்குக் கண்டம் என்றான். பரிகாரத்துக்கு அத்தையின் இரண்டு வளையல்கள் போயின. அவர் அழுததைப் பார்த்தவன் நான். என்னிடமா எல்லாரும் ஒன்று என்கிறீர்கள்?

அமானுஷ்ய சக்தி என்று சொல்லிக்கொள்பவரை உலகம் கொண்டாடும் என்பதற்கு, மனத்தின் சக்தியாலேயே கரண்டியை வளைப்பதாகச் சொன்ன யூரி கெல்லரே சாட்சி. 1973இல் அதே கார்சன் நிகழ்ச்சியில், பொருள்களைக் கெல்லரின் ஆட்கள் தொடாதபடி பார்த்துக்கொண்டதும், எதையும் செய்துகாட்ட முடியாமல் இருபது நிமிடத்துக்கும் மேல் திணறினார். புகழ் குறைந்ததா? கூடியது. கலைஞன் என்று சொல்லிக்கொண்டே 2024 டிசம்பரில் 89 வயதில் இறந்த க்ரெஸ்கினுக்குத்தான் நம்மிடம் ஏமாற்றுக்காரன் பட்டம்.

நேற்றைய களேபரத்தில் எனக்குப் பகுத்தறிவு வகுப்பெடுத்த ஒரு நண்பர், அண்மையில் நாடி ஜோதிடம் பார்த்துவிட்டு, ‘அப்பா பெயரை அப்படியே சொன்னார்கள்’ என்று மெய்சிலிர்த்து எழுதியிருந்தார். பெயர் நான்கெழுத்தா, ஐந்தெழுத்தா, கடவுள் பெயரா என்று ஏடு ஏடாகக் கேட்டு அவர் வாயிலிருந்தே வாங்கியிருப்பார்கள் என்று எனக்குத் தெரியும். நட்பைக் கருதி ஒரு விருப்பக்குறி இட்டுவிட்டு வந்தேன். இப்போது கேட்கிறேன், நண்பரே: பெயர் தப்பியிருந்தால் அங்கே கட்டணத்தைத் திருப்பித் தருவதாகச் சொன்னார்களா?