சம அளவு மாதங்கள் எதற்கு?
கற்பனை உலகின் நாட்காட்டிக்குப் பன்னிரண்டு மாதங்களை வகுத்து ஒவ்வொன்றுக்கும் முப்பது நாள் கொடுத்துவிட்டால் வேலை முடிந்தது என்று, கதைகளுக்கான நாட்காட்டி அமைப்பது பற்றிய இந்தக் கட்டுரையை எழுதியவர் சொல்வதை ஏற்க முடியவில்லை. நாம் புழங்கும் தமிழ் மாதங்களே, சூரியன் ஒரு ராசியைக் கடக்கும் காலத்தைப் பொறுத்து, 29 நாள் முதல் 32 நாள் வரை வேறுபடுகின்றன; மார்கழி குறுகுவதும் ஆனி நீள்வதும் அதனால்தான். கட்டுரை தொடாத இன்னொன்று ஆட்சியாளரின் தலையீடு. மாசியில் நடந்துவந்த மீனாட்சி திருக்கல்யாணத்தை 17ஆம் நூற்றாண்டில் திருமலை நாயக்கர் சித்திரைக்கு மாற்றி அழகர் விழாவோடு சேர்த்தார் என்பது மதுரையில் வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. அறுவடைக் காலத்தில் தேர் இழுக்க ஆள் கிடைக்காததே காரணம் என்பார்கள். விழா மாதம் மாறினாலும் தேரோட்டப் பாதை மாறவில்லை: சித்திரைத் தேர் இன்றும் கீழமாசி வீதித் தேரடியிலிருந்து புறப்பட்டு நான்கு மாசி வீதிகளையும் சுற்றித்தான் நிலைக்கு வருகிறது. இப்படிப்பட்ட பழைய தடம் ஒன்றாவது இல்லாத கற்பனை நாட்காட்டி எனக்கு அரசு அலுவலக அட்டவணையாகவே தோன்றுகிறது. கற்பனை உலகில் இரண்டு நிலவுகள் இருந்தால் விழா நாள் குழம்பும் என்று கட்டுரைக்குக் கருத்து எழுதிய ஒருவர் அஞ்சுகிறார். குழம்பட்டுமே, இங்கே ஒரே நிலவை வைத்துக்கொண்டே பழைய வாய்பாடுகளைப் பின்பற்றும் வாக்கியப் பஞ்சாங்கமும் இன்றைய வானியல் கணக்கைப் பின்பற்றும் திருக்கணிதப் பஞ்சாங்கமும் திதி முடியும் நேரத்தில் வேறுபடுகின்றன.