புள்ளியைத் தள்ளினால் கணக்கு முடிந்துவிடுமா?

தசமத்தைத் தசமத்தால் வகுக்கப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பது ஒரே மந்திரம்தான்: வகுக்கும் எண்ணில் புள்ளி போகும்வரை, இரண்டிலும் புள்ளியை வலது பக்கம் தள்ளு. மந்திரம் பலிக்கிறது, மறுக்கவில்லை. ஏழாவது படிக்கும் என் அக்கா மகளும் மளமளவென்று போடுகிறாள். அதே கணக்கை நாலு வரி வாசகமாகக் கொடுத்தால்தான் முழிக்கிறாள். "பெரிசைச் சின்னதால வகுத்தா போதும்ல மாமா?" என்கிறாள்.

போதாது. 1.5 மீட்டர் கம்பியின் எடை 0.6 கிலோ என்றால், ஒரு மீட்டரின் எடை என்ன? சின்னதைத்தான் பெரியதால் வகுக்க வேண்டும்: 0.4 கிலோ. அவள் வழியில் போட்டால் 2.5 வரும். அது ஒரு கிலோவுக்கு எத்தனை மீட்டர் என்பதற்கான விடை. யாரும் கேட்காத கேள்விக்குச் சரியான பதில்!

வகுக்க அவளுக்குத் தெரியும். வந்த விடை எதைச் சொல்கிறது என்று பார்க்கத்தான் நாம் பழக்கவில்லை.

7.5 ÷ 0.8 எடுத்துக்கொள்வோம். விடை 9.375. வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் 7.5 மீட்டர் துணி எடுத்து, ரவிக்கைக்கு 0.8 மீட்டர் வீதம் வெட்டினால் எத்தனை ரவிக்கை? 9. அந்த .375 ரவிக்கையை எந்த டெய்லரும் தைத்துத் தர மாட்டார். 7.5 லிட்டர் எண்ணெயை 0.8 லிட்டர் பாட்டில்களில் ஊற்றி வைக்க எத்தனை பாட்டில் வேண்டும்? 10. கடைசி பாட்டில் நிரம்பாது, ஆனாலும் அது இல்லாமல் ஆகாது. எண்ணூர் நெடுஞ்சாலையில் கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவே 7.5 கிலோமீட்டர் போக 0.8 மணி நேரம், அதாவது 48 நிமிடம் ஆனால், சராசரி வேகம் என்ன? இங்கேதான் 9.375 அப்படியே நிற்கும். (மிகைப்படுத்துகிறேன் என்று நினைப்பவர்கள் ஒருநாள் பைக்கில் வந்து பாருங்கள்.) ஒரே வகுத்தல், மூன்று விடை. மந்திரத்தில் இதற்கெல்லாம் இடமே இல்லை.

மீதியில் இன்னொரு வில்லங்கம். புள்ளியைத் தள்ளி 75 ÷ 8 என்று ஆக்கினால் ஈவு 9, மீதி 3. உடனே "3 மீட்டர் துணி மிச்சம்" என்று எழுதுகிறார்கள். 3 மீட்டர் இருந்தால் இன்னும் மூன்று ரவிக்கை வெட்டலாமே! எண்களைப் பத்து மடங்காக்கியதால் மீதியும் பத்து மடங்காகிவிட்டது. உண்மையில் மிஞ்சுவது 0.3 மீட்டர், 30 சென்டிமீட்டர். முதலிலேயே 750 சென்டிமீட்டர், 80 சென்டிமீட்டர் என்று மாற்றச் சொல்லியிருந்தால் இந்தத் தப்பு வந்திருக்காது. புள்ளி ஏன் நகர்கிறது என்பதும் புரிந்திருக்கும். அளவு மாறவில்லை, அலகுதான் மாறுகிறது.

அப்புறம், சின்ன வகுப்பிலேயே மனதில் பதிந்துவிடும் "வகுத்தால் குறையும்" என்ற நம்பிக்கை. காசிமேட்டில் 0.75 கிலோ மீன் 300 ரூபாய் என்றால் கிலோ என்ன விலை? 300 ÷ 0.75 = 400. விடை 300-ஐத் தாண்டியதும் தப்பென்று நினைத்து, பெருக்கி 225 என்று எழுதும் பிள்ளைகள் உண்டு. முக்கால் கிலோவே 300 ரூபாய் எனும்போது முழுக் கிலோ எப்படி 225 ஆகும் என்று ஒரு நொடி யோசித்தால் போதும், பேனா தானாக நின்றுவிடும்.

டியூஷனில் இருபது கணக்கு போடவைப்பதற்குப் பதில் ஐந்தே கொடுங்கள். ஒவ்வொன்றிலும் விடை ஏறுமா இறங்குமா, மிஞ்சுவதை என்ன செய்வது என்று முதலில் வாயால் சொல்லட்டும். பேப்பரை அப்புறம் எடுக்கலாம்.