கனவுலகத்துக்கு வரைபடம் போடுகிறவர்களுக்கு ஓர் ஒப்பந்தம்

கனவுலகங்களுக்கு வரைபடம் போடுகிறவர்கள் எல்லாரும் ஒன்றாக உட்கார்ந்து ஓர் ஒப்பந்தம் போட்டுக்கொள்கிறார்கள் என்று ஒரு கற்பனை. விளையாட்டாகத்தான் யோசிக்க ஆரம்பித்தேன், அப்புறம் அது என்னை விடவில்லை. யாரிடம் சொன்னாலும், "எல்லையை எப்படிப் பிரிப்பார்கள்?" என்றுதான் முதலில் கேட்கிறார்கள். எனக்கு அது பெரிய விஷயமாகத் தெரியவில்லை, ஏனென்றால் அதற்கு நல்ல முன்மாதிரி ஒன்று இருக்கிறது.

அண்டார்டிகா ஒப்பந்தத்தில் 1959இல் 12 நாடுகள் கையெழுத்திட்டன. அவற்றில் 7 நாடுகள் அங்கே ஏற்கெனவே நிலம் கேட்டுக்கொண்டிருந்தவை. பிரிட்டன், அர்ஜென்டினா, சிலி மூன்றும் கேட்ட பகுதிகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் கிடந்தன. ஒப்பந்தத்தின் நான்காவது ஷரத்து அந்தத் தகராறைத் தீர்க்கவே இல்லை. உரிமை உண்டு என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. இனிமேல் புதிதாக யாரும் கேட்கக்கூடாது, அவ்வளவுதான். கனவுக்கு இதுவே போதும். அக்காவும் தம்பியும் சின்ன வயதில் குடியிருந்த வீட்டைத் தனித்தனியே கனவு காண்கிறார்கள். அக்காவுக்கு அந்த மாடிப்படி பரீட்சை ஹாலில் கொண்டுபோய் விடுகிறது, தம்பிக்கு அதே படி கடலில் இறங்குகிறது. இரண்டு படமும் இருந்துவிட்டுப் போகட்டும்.

கிழக்கு மேற்கையும் நேரத்தையும் எண்ணத் தொடங்கும் பூஜ்ய ரேகை எங்கே என்ற சண்டையும் வேண்டாம். 1884இல் வாஷிங்டனில் 25 நாடுகள் கூடி கிரீன்விச்சைத் தேர்ந்தெடுத்தன. 22 நாடுகள் ஆதரித்தும், ஓட்டுப் போடாமல் ஒதுங்கிய பிரான்ஸ் 1911 வரை பாரிஸ் நேரத்தை விடவில்லை. விழித்திருக்கும்போதே இந்தப் பாடு! கனவில் அவரவர் தலையணைதான் பூஜ்யம்.

கனவில் ஏது இடம், ஏது திசை என்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. எலியின் மூளையில், அது ஒரு குறிப்பிட்ட இடத்துக்கு வரும்போது மட்டும் துடிக்கும் செல்கள் உண்டு. மூளை ஆராய்ச்சியாளர் ஜான் ஓ'கீஃப் 1971இல் எழுதியது அது, 2014இல் நோபல் பரிசில் பங்கும் வாங்கித் தந்தது. பாதையில் ஓடிய எலி பிறகு தூங்கும்போது, நாம் அதிகமாகக் கனவு காணும் அந்தத் தூக்கக் கட்டத்தில், ஓடியபோது துடித்த அதே வரிசை திரும்ப வருகிறது என்று 2001இல் காட்டினார்கள். எலி கனவு கண்டதா என்பது வேறு விஷயம். தூக்கத்திலும் மூளை இடத்தை விடுவதில்லை.

நான் அடம்பிடிக்கப்போவது ஒரே ஒரு ஷரத்துக்குத்தான். பார்க்காத இடத்தை வெள்ளையாக விட வேண்டும்.

ஜேம்ஸ் ரென்னல் சாதாரண ஆளில்லை, வங்காளத்தை அளந்து படம் போட்டவர். மேற்கு ஆப்பிரிக்காவில் நைஜர் நதி கிழக்கே ஓடுவதை மங்கோ பார்க் என்ற பயணி நேரில் பார்த்துவிட்டு வந்தார். அது தெற்கே திரும்பிக் கடலில் சேராது, உள்நாட்டிலேயே முடிந்துவிடும் என்பது ரென்னலின் கணக்கு. அப்படியானால் தெற்கே ஏதாவது தடுக்க வேண்டுமே? பார்க் தூரத்தில் மலைகளைக் கண்டதாகச் சொன்னதைப் பிடித்துக்கொண்டு, 1798இல் ஒரு நீண்ட தொடரையே இழுத்துவிட்டார். கோங் மலைகள். அப்புறம் வந்தவர்கள் அவர் படத்தைப் பார்த்தே வரைந்தார்கள். லூயி குஸ்தாவ் பான்ஜே என்ற பிரெஞ்சுக்காரர் நேரில் போய்விட்டு வந்து, அங்கே மலைத்தொடர் ஒன்றும் இல்லை என்று 1889இல் சொன்னார். ஏறத்தாழ 90 வருடம் இல்லாத மலை நின்றது. நைஜரோ தெற்கே திரும்பி கடலில்தான் சேர்கிறது.

கனவைச் சொல்லும்போது நாம் செய்வதும் இதேதான். ரயிலில் உட்கார்ந்திருந்தேன், அடுத்த நொடி பள்ளிக்கூட வராந்தாவில் நிற்கிறேன். நடுவில் ஒன்றுமே கிடையாது. ஆனால் இன்னொருவரிடம் சொல்லும்போது, "அப்புறம் ஸ்டேஷனில் இறங்கி நடந்து போனேனா..." என்று வாய் தானாகச் சேர்க்கிறது. இரண்டாம் முறை சொல்லும்போது அந்த ஸ்டேஷனுக்கு ஒரு வேப்பமரமும் வந்துவிடும். மூன்றாம் முறை, மரம் கனவில் வந்ததென்று நாமே சத்தியம் செய்வோம். அதனால் யாரிடமும் சொல்வதற்கு முன்பே படத்தைப் போட்டு முடிக்க வேண்டும் என்பதையும் ஷரத்தோடு சேர்த்துவிடலாம்.

செயற்கைக்கோள் காலத்தில் இதெல்லாம் நடக்குமா என்றால், ஆஸ்திரேலியாவுக்கும் நியூ கலிடோனியாவுக்கும் நடுவே இருந்ததாகப் படங்கள் காட்டிய சாண்டி தீவைத் தேடி 2012இல் ஓர் ஆய்வுக் கப்பல் போனது. அங்கே 1300 மீட்டருக்கு மேல் ஆழமான வெறும் கடல்!

வெள்ளையாக விட வேண்டாம் என்பவர்களுக்கும் ஒரு நல்ல வாதம் இருக்கிறது. 1930களில் அமெரிக்காவில் படம் போட்ட இருவர், படத்தைக் காப்பியடிக்கிறவர்களைப் பிடிப்பதற்காகத் தங்கள் பெயரின் முதலெழுத்துகளைக் கலைத்துப்போட்டு, நியூயார்க் மாநிலத்தில் அக்லோ என்ற இல்லாத ஊரை வைத்தார்கள். படத்தைப் பார்த்த யாரோ அந்த இடத்தில் அதே பெயரில் ஒரு கடையே திறந்துவிட்டார்கள். போட்டி நிறுவனத்தின் படத்தில் அக்லோ வந்தபோது, "அங்கே கடை இருக்கிறதே" என்று அவர்கள் தப்பித்தார்கள். ஆக, இட்டுக்கட்டினால் இடமும் பிறக்குமாம்.

பிறக்கட்டுமே. அக்லோவை வைத்தவர்களுக்கு அது பொய் என்று தெரியும். ரென்னலுக்குத் தெரியாது, அவர் தன் மலையை நம்பினார். தெரிந்தே ஓர் ஊரை வைக்கிறவர், "இது நான் வைத்தது" என்று படத்தின் பின்பக்கம் எழுதிவிட்டால் எனக்கு ஆட்சேபணை இல்லை.

ஒரே சிக்கல், கண்காணிப்பு. அண்டார்டிகாவில் ஒரு நாட்டின் முகாமுக்குள் இன்னொரு நாட்டின் பார்வையாளர் எப்போது வேண்டுமானாலும் போய்ப் பார்க்கலாம், ஒப்பந்தத்திலேயே இருக்கிறது. என் கனவுக்குள் யாரை அனுப்புவார்கள்? இதற்கு மட்டும் எனக்கு இன்னும் ஒரு ஷரத்து தோன்றவில்லை.