ரூவான் லிங்யூ: 'பேசும் படம் கொன்ற நடிகை' என்பது பொய்

"பேசும் படம் வந்ததும் வாய்ப்பு இல்லாமல் போய் உயிரை விட்ட சீன நடிகை" என்று ரூவான் லிங்யூவின் படத்தோடு ஒரு பதிவு சுற்றிக்கொண்டிருக்கிறது. தவறு.

சீனாவில் பேசும் படம் 1931லேயே வந்துவிட்டது, நடிகை ஹூ தியே நடித்தது. ஆனால் பல தியேட்டர்களில் ஒலிக்கருவியே இல்லாததால், ஊமைப்படங்கள் 1930களின் நடுப்பகுதி வரை எடுக்கப்பட்டன. 1926ல் பதினாறு வயதில் மிங்சிங் பட நிறுவனத்தில் சேர்ந்த ரூவான், பிறகு லியான்ஹுவா நிறுவனத்துக்குப் போய், அங்கேதான் உச்சத்தைத் தொட்டார். பிள்ளையை வளர்க்க உடலை விற்கும் தாயாக அவர் நடித்த 'தேவதை' 1934ல் வந்த ஊமைப்படம், அந்த முகத்தில் வந்துபோகும் பயத்தையும் ரோஷத்தையும் பார்த்தால் வசனம் எதற்கு என்று தோன்றும்! 1935 தொடக்கத்தில் அவர் நடித்த 'புதிய பெண்கள்' வெளியானது. வாய்ப்பில்லாதவருக்கா இது?

அப்புறம் என்ன நடந்தது? முன்னாள் துணைவர் வழக்குப் போட, பத்திரிகைகள் ரூவானின் சொந்த வாழ்க்கையைக் கிழித்துத் தொங்கவிட்டன. நிருபர்களைக் கண்டித்த 'புதிய பெண்கள்' படத்தின் மீது ஏற்கெனவே அவர்களுக்குக் கோபம். நீதிமன்றத்தில் நிற்க வேண்டிய நாளுக்கு முன்பே, 1935 மார்ச் 8 அன்று, 24 வயதில் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். இதில் பத்திரிகைகளின் பொறுப்பைப் பற்றி சீன எழுத்தாளர் லூ சுன் அதே ஆண்டு கட்டுரையே எழுதினார். பழியைத் தொழில்நுட்பத்தின் மேல் போட்டால் அந்தப் பத்திரிகைகள் தப்பித்துவிடுகின்றன, அதுதான் எனக்குக் கோபம். பகிர்ந்தவர்கள் தயவுசெய்து திருத்துங்கள்.