கிளென் மில்லர் பற்றி ஒரு திருத்தம்

அமெரிக்க நடன இசைக்குழுத் தலைவர் கிளென் மில்லரை இரண்டாம் உலகப் போரின்போது கட்டாயப்படுத்திப் பட்டாளத்தில் சேர்த்தார்கள், ஜெர்மானியர்கள் அவர் விமானத்தைச் சுட்டு வீழ்த்தினார்கள் என்று ஒருவர் எழுதியிருக்கிறார். இரண்டுமே தவறு.

1942-ல் அவருக்கு வயது 38. அமெரிக்காவையே ஆடவைத்துக்கொண்டிருந்த நடன இசைக்குழுவைக் கலைத்துவிட்டு, தானாகவே முன்வந்தார். கடற்படை வேண்டாம் என்றது. விடாமல் தரைப்படைக்கு எழுதிக் கேட்டுச் சேர்ந்தார். இதைக் கட்டாயம் என்பது அந்த மனிதருக்குச் செய்யும் அநியாயம்.

1944 டிசம்பர் 15 அன்று இங்கிலாந்தின் டுவின்வுட் தளத்திலிருந்து பாரிஸுக்குக் கிளம்பியது அவர் ஏறிய ஒற்றை எஞ்சின் நார்ஸ்மேன் விமானம். வானிலை மோசம். விமானமும் கிடைக்கவில்லை, அதிலிருந்த மூவரும் கிடைக்கவில்லை. எதிரி சுட்டதற்கு எந்தச் சான்றும் இல்லை. குளிரில், எரிபொருளைக் காற்றோடு கலந்து எஞ்சினுக்குத் தரும் கார்புரேட்டர் உறைந்து எஞ்சின் நின்றிருக்கலாம் என்பதே பலரும் ஏற்கும் விளக்கம்.

சாவைப் பற்றியே பேசுகிறோம், அவர் இசையைக் கேளுங்கள். முதல் குழு தோற்றுக் கலைந்த பிறகு 1938-ல் மறுபடி தொடங்கியவர் அவர். கிளாரினெட் என்ற ஊதுகருவி மெட்டை எடுத்துப் போக, அதே மெட்டை ஒரு ஸ்தாயி கீழே டெனர் சாக்ஸபோன் வாசிக்கும். மற்ற சாக்ஸபோன்கள் நடுவே மெட்டோடு இசைந்த வேறு சுரங்களை வாசிக்கும். இரண்டு நொடி கேட்டாலே அவர் குழு என்று தெரிந்துவிடும்.